கோடு போட்ட பிறகும் கான்சாஸில் ஏன் சண்டை?

கேள்வி: போட்டித் தேர்வுக்கு அமெரிக்க வரலாறு படிக்கிறேன். அடிமை முறைக்கு 1820 மிசௌரி சமரசமே எல்லை வகுத்துவிட்டதே, பிறகு கான்சாஸில் எதற்கு ரத்தக்களரி? கையேட்டில் ‘மாநில உரிமைப் பிரச்சினை’ (மத்திய அரசு தலையிடாமல் மாநிலங்களே முடிவெடுக்கும் உரிமை) என்று ஒரே வரிதான் இருக்கிறது. அப்படியே எழுதலாமா?

பதில்: எழுதாதீர்கள். அந்தச் சமரசம் வகுத்த 36 பாகை 30 நிமிட அட்சக் கோடு, 1803-இல் பிரான்சிடம் வாங்கிய நிலத்துக்கு மட்டும் போட்டது. 1848-இல் மெக்சிகோவிடமிருந்து பிடுங்கிய நிலத்துக்கு அது பொருந்தாது; சச்சரவு அங்கே மறுபடி கிளம்பியது. 1854-இல் செனட்டர் ஸ்டீபன் டக்ளஸ் கொண்டுவந்த கான்சாஸ்–நெப்ராஸ்கா சட்டம் அந்த எல்லைக் கோட்டையே அழித்தது. அடிமை முறை வேண்டுமா என்பதைக் குடியேறியவர்களே முடிவு செய்யலாம் என்றது.

ஒரு விதிவிலக்கை வரைபடம் போட்டே மனதில் ஏற்றுங்கள். கோட்டுக்கு வடக்கே அடிமை முறைக்குத் தடை. ஆனால் மிசௌரி, ஏறக்குறைய முழுவதும் கோட்டுக்கு வடக்கேதான் இருக்கிறது. இருந்தும் அது அடிமை மாநிலம். தடை, அதைத் தவிர்த்து எஞ்சிய பிரதேசத்துக்குத்தான். அந்த மிசௌரிக்கு மேற்கே ஒட்டியிருப்பது கான்சாஸ். 1855 மார்ச் சட்டமன்றத் தேர்தலில் அங்கே வாக்குரிமை பெற்றவர்கள் 2,905 பேர். விழுந்த வாக்குகள் 6,000-க்கு மேல். மிசௌரிக்காரர்கள் ஆயுதங்களோடு எல்லை தாண்டி வந்து ஓட்டுப் போட்டுவிட்டுத் திரும்பினார்கள். சண்டை மூண்டது இதனால்தான்.

‘மாநில உரிமை’ என்ற பல்லவியை நகலெடுத்த நோட்ஸாகக் கட்டுக்கட்டாக விற்கும் தரகர்களிடம் தயவுசெய்து பணத்தை இழக்காதீர்கள். வினாத்தாள்களும் ஆண்டை மட்டும் கேட்டுவிட்டு நிறுத்திக்கொள்கின்றன. இந்தச் சரக்கு விலைபோக வேறென்ன வேண்டும்? தப்பி ஓடிய அடிமைகளைப் பிடிக்க வடமாநிலத்தவரும் உதவியே தீர வேண்டும் என்று 1850-இல் மத்தியச் சட்டம் வாங்கியது தென்மாநிலங்கள்தான். பிடிபட்டவரை உரிமையாளரிடம் ஒப்படைத்தால் விசாரணை ஆணையருக்கு 10 டாலர், விடுவித்தால் 5 டாலர். வடமாநிலங்களின் உரிமை அப்போது எங்கே போனது? அடிமையான டிரெட் ஸ்காட் விடுதலை கேட்ட வழக்கில் உச்ச நீதிமன்றம் தந்த 1857 தீர்ப்பு, இன்னும் மாநிலமாகாத பிரதேசங்களில் அடிமை முறையைத் தடுக்க அமெரிக்க நாடாளுமன்றமான காங்கிரசுக்கே அதிகாரமில்லை என்றது.

விடையில் ஒரு சான்று போதும்: 1861-இல் அமெரிக்க ஒன்றியத்திலிருந்து பிரிவதற்கான காரணங்களை அறிவித்த மிசிசிப்பி, தன் நிலைப்பாடு அடிமை முறையோடு முழுமையாகப் பிணைந்தது என்று ஆரம்பத்திலேயே எழுதியது. அதை எழுதிவிட்டு, கான்சாஸ் 1861 ஜனவரியில் அடிமை முறையற்ற மாநிலமாகச் சேர்ந்தது என்று முடியுங்கள்.