ஒளியை முந்திய நியூட்ரினோ – கடிதமும் பதிலும்

அன்புள்ள ஆசிரியருக்கு,

ஓர் அறிவியல் புனைகதை எழுதிக்கொண்டிருக்கிறேன். ஒளியைவிட வேகமாகச் செல்லும் துகளை ஓர் இளம் இயற்பியலாளர் கண்டுபிடிக்கிறார். ஐன்ஸ்டைனை வேதமாக வைத்திருக்கும் மூத்தவர்கள் அவரைப் பேசவிடாமல் ஒதுக்குகிறார்கள். கடைசியில் அவர் வெல்கிறார். 2011-இல் நியூட்ரினோ என்ற நுண்துகள்கள் ஒளியை முந்தியதாக அறிவித்த, இத்தாலியின் ஓபெரா சோதனைதான் எனக்குத் தூண்டுதல். அங்கும் தலைமையில் இருந்தவர்கள் விலக வேண்டியதாயிற்று அல்லவா? நிலைபெற்ற கோட்பாட்டை எதிர்ப்பவர்களுக்கு எப்போதும் இதே கதிதான் என்று தோன்றுகிறது. என் கதையில் வரும் கோட்பாடு நம்பும்படி இருக்க என்ன செய்ய வேண்டும்?

ஆர்.

அன்புள்ள ஆர்.,

ஓபெராவில் யாரும் யார் வாயையும் அடைக்கவில்லை. 2011 செப்டம்பர் 23 அன்று, செர்ன் என்ற ஐரோப்பியத் துகள் இயற்பியல் ஆய்வகத்தின் அரங்கிலேயே முடிவை அறிவித்தார்கள். ஜெனீவா அருகே செர்னிலிருந்து கிளம்பிய நியூட்ரினோக்கள் நிலத்துக்கு அடியிலேயே சுமார் 731 கிலோமீட்டர் கடந்து, இத்தாலியில் கிரான் சாஸோ மலைக்குக் கீழுள்ள ஆய்வகத்தில் இருந்த ஓபெரா கருவியை அடைந்தன. ஒளிக்கு அந்தத் தூரம் 2.4 மில்லி நொடி. நியூட்ரினோக்கள் அதைவிட 60 நானோ நொடி (ஒரு நானோ நொடி என்பது நொடியில் நூறு கோடியில் ஒரு பங்கு) முந்தி வந்ததாகக் கணக்கு காட்டியது. தங்களுக்குப் பிழை தென்படவில்லை, மற்றவர்களும் தேடிப் பாருங்கள் என்று அவர்களே கேட்டுக்கொண்டார்கள்.

முதலில் எழுந்த சந்தேகம் நியாயமானது. செர்னில் புரோட்டான்களைத் துடிப்பு துடிப்பாக மோதவிட்டு நியூட்ரினோக்களை உண்டாக்கினார்கள். ஒவ்வொரு துடிப்பும் 10.5 மைக்ரோ நொடி நீளம். அதில் எந்தக் கணத்தில் பிறந்த நியூட்ரினோ இங்கே சிக்கியது என்று தனித்தனியாகச் சொல்ல முடியாது. துடிப்பின் வடிவத்தோடு பொருத்தித்தான் சொல்ல முடியும். செர்ன் இதற்காகவே கற்றையை மாற்றிக் கொடுத்தது: 3 நானோ நொடித் துடிப்புகள், 524 நானோ நொடி இடைவெளியில். 20 நியூட்ரினோக்கள் சிக்கின. விடை மறுபடியும் 60-ஐ ஒட்டியே வந்தது. அறிவியல் உலகம் இவர்களை ஒழிக்க நினைத்திருந்தால் அந்தக் கற்றையே கிடைத்திருக்காது.

பிழை வேறிடத்தில் இருந்தது. தரைமேல் இருந்த ஜிபிஎஸ் கருவி தந்த நேரம், 8 கிலோமீட்டருக்கு மேல் நீளமான ஃபைபர் கேபிள் வழியாக ஒளி சிக்னலாக நிலத்தடிக் கடிகாரத்துக்கு வந்தது. கேபிள் முனையில் உள்ள கனெக்டர் முழுவதுமாக முடுக்கப்படவில்லை. சிக்னல் அறுந்திருந்தால் அன்றைக்கே தெரிந்திருக்கும். அறுபடவில்லை, ஒளி குறைவாக வந்தது, அவ்வளவுதான். மங்கலான ஒளி விழுந்தால், ஒளியை மின்சாரமாக்கும் ஃபோட்டோடையோடு, சிக்னல் வந்ததாக ஏற்கும் அளவை எட்டக் கூடுதல் நேரம் எடுக்கிறது. அதனால் நிலத்தடிக் கடிகாரம் சுமார் 73 நானோ நொடி பின்தங்கியது. பின்தங்கிய கடிகாரத்தில் பார்த்தால் எல்லா நியூட்ரினோவும் முந்தி வந்ததுபோலத்தான் தெரியும். கடிகாரத்துக்குத் தாளம் தரும் ஆசிலேட்டர் இம்மி வேகமாக ஓடியது எதிர்த்திசையில் 15 நானோ நொடிப் பிழையைத் தந்தது. 73-இல் 15 போக என்ன மிஞ்சுகிறது என்று பாருங்கள்.

கதைக்காரர் கவனிக்க வேண்டிய இடம் இது. அவர்களிடம் 16,000 நியூட்ரினோக்களுக்கு மேல் இருந்தன. புள்ளியியல்படி அசைக்க முடியாத முடிவு. ஆனால் அத்தனையும் அதே கனெக்டர் சொன்ன நேரத்தில் பதிவானவை. எண்ணிக்கையைக் கூட்டினால் தற்செயல் பிழை குறையும், கருவியில் உட்கார்ந்திருக்கும் பிழை குறையாது. கற்றையை மாற்றியபோதும் கேபிள் மாறவில்லை. கேபிள் பிழையை உறுதிப்படுத்த வேறொரு கருவி வேண்டியிருந்தது. அதே நிலத்தடியில் இருந்த எல்விடி என்ற கருவியையும் ஓபெராவையும் சேர்த்துக் கடந்த காஸ்மிக் மியூவான்களை (விண்கதிர்களால் வளிமண்டலத்தில் பிறக்கும் துகள்களை) பழைய பதிவுகளிலிருந்து பொறுக்கி எடுத்தார்கள். மலையில் டெராமோ பக்கம் பாறை மெல்லியது. அந்தத் திசையில் கிட்டத்தட்டக் கிடைமட்டமாக வரும் மியூவான்கள் இரண்டு கருவிகளிலும் பதிவாகும். 2008 நடுவிலிருந்து 2011 இறுதிவரை இரு கடிகாரங்களும் அதே 73 நானோ நொடி விலகியிருந்தன. எனக்கு இந்த வரலாற்றிலேயே மிகப் பிடித்த பகுதி இதுதான். யாரும் தேடாத தரவில் விடை முன்பே பதிவாகிக் கிடந்தது.

தலைமையில் இருந்த இருவர் 2012 மார்ச் இறுதியில் பொறுப்பிலிருந்து விலகினார்கள். அது குழுவுக்குள்ளேயே அவர்கள்மீது வாக்கெடுப்பு நடந்த பிறகு. ஐன்ஸ்டைனின் சார்பியலை எதிர்த்ததற்கான தண்டனையாக அதைக் காட்டாதீர்கள்.

இனி உங்கள் கோட்பாடு. ஓபெரா எண்ணை அப்படியே எடுத்துக்கொண்டால், நியூட்ரினோ ஒளியைவிட 40,000-இல் ஒரு பங்கு வேகம் கூடியது. 1987 பிப்ரவரியில் தெரிந்த சூப்பர்நோவா, அதாவது வெடித்த விண்மீன், சுமார் 1,68,000 ஒளியாண்டு தொலைவில் இருந்தது. அதன் நியூட்ரினோக்கள் ஏறத்தாழ 4 ஆண்டுகள் முன்பே வந்திருக்க வேண்டும். வந்தது சில மணி நேரம் முன்பு. அதுவும் வெடிப்பின் ஒளி விண்மீனின் மேற்பரப்பை உடைத்து வெளியேறத் தாமதமானதால். அவை குறைந்த ஆற்றல் நியூட்ரினோக்கள், வேகம் ஆற்றலைப் பொறுத்தது என்று உங்கள் நாயகர் தப்பிக்கலாம். அப்படியானால் எவ்வளவு பொறுத்தது என்று ஒரு சமன்பாடு தர வேண்டும். அடுத்து இயற்பியலாளர்கள் கோஹனும் கிளாஷோவும் எழுப்பிய கேள்வி நிற்கும்: ஒளியை முந்தும் நியூட்ரினோ வழிநெடுக எலக்ட்ரான்-பாசிட்ரான் ஜோடிகளை உமிழ்ந்து ஆற்றலை இழக்க வேண்டும். ஓபெராவுக்குப் பக்கத்திலிருந்த இகாரஸ் கருவி தேடியது, அப்படி இழந்த தடயம் இல்லை.

கோட்பாட்டைக் கட்டும்போது, சார்பியல் ஏற்கெனவே சரியாகச் சொன்ன பழைய எண்களிலிருந்து தொடங்குங்கள். புதனின் சுற்றுப்பாதையில் நூற்றாண்டுக்கு 43 வில்நொடி விலகல், ஜிபிஎஸ் செயற்கைக்கோள்களின் கடிகாரங்கள் நாளொன்றுக்கு 38 மைக்ரோ நொடி முந்துவது, 2.2 மைக்ரோ நொடி சராசரி ஆயுளுள்ள மியூவான் மேல் வளிமண்டலத்தில் பிறந்து தரைவரை வந்து சேர்வது. இவை மூன்றும் உங்கள் கோட்பாட்டிலும் அதே விடையாக வர வேண்டும். பிறகு ஒரே ஓர் இடத்தில், யாரும் இதுவரை அளக்காத ஆற்றலிலோ தொலைவிலோ, சிறிய வேறுபாட்டை வையுங்கள். எண்ணோடு வையுங்கள்.

மூத்தவரை வில்லனாக்க வேண்டாம். அவர் நாயகரிடம், கனெக்டரைக் கழற்றி மாட்டி ஒளியின் அளவைக் குறித்தாயா, கடிகாரத்தை மாற்றிப் பார்த்தாயா, உன் கேபிளோடு சம்பந்தமில்லாத வேறு கருவி என்ன சொல்கிறது என்று கேட்கட்டும். நாயகர் ஒவ்வொன்றையும் செய்து பார்க்க, வேறுபாடு அப்படியே நிற்கட்டும். நான்காவது கேள்வியில் மூத்தவரே கடிகாரத்தைச் சோதிக்கச் சுரங்கத்துக்குள் இறங்கினால், உங்கள் கதைக்கு நடுப்பகுதி கிடைத்துவிட்டது.