ஆட்கொணர்வு மனு: கையில் என்ன ஆதாரம் வேண்டும்?

சட்டவிரோதமாகப் பிடித்து வைத்திருக்கும் ஆளை நீதிமன்றத்தில் கொண்டுவந்து நிறுத்தச் சொல்லிக் கேட்பதுதான் ஆட்கொணர்வு மனு. அது பற்றி வந்த கேள்விகளில் ஐந்துக்கு இங்கே பதில் சொல்கிறேன். பெயர்களை எடுத்துவிட்டேன்.

அக்கா, தம்பியை நேற்று ராத்திரி மப்டியில் வந்த நாலு பேர் கூட்டிப் போனார்கள். ஸ்டேஷனில் கேட்டால் இங்கே இல்லை என்கிறார்கள். ஒரு காகிதம்கூடக் கையில் இல்லை. மனு போட முடியுமா?

தாராளமாக. தூக்கிப் போகிறவர்கள் ரசீது தருவதில்லை என்பது நீதிபதிகளுக்கும் தெரியும். நீங்கள் கொடுக்கும் பிரமாண வாக்குமூலமே முதல் ஆதாரம். எத்தனை மணிக்கு, எந்த இடத்தில், என்ன வண்டியில், யார் கண் முன்னால் என்று எழுதுங்கள். பார்த்த பக்கத்து வீட்டுக்காரரிடம் தனியாக ஒரு வாக்குமூலம் வாங்குங்கள். வண்டி எண் தெரியாவிட்டால் தெரியாது என்றே எழுதுங்கள். ஊகத்தில் ஒன்றைப் போட்டு அது பொய்யானால் மற்றதையும் நம்ப மாட்டார்கள்.

நேரத்தில் கவனம் தேவை. கைதானவரை 24 மணி நேரத்துக்குள் மாஜிஸ்திரேட் முன் நிறுத்த வேண்டும். அந்தக் கணக்கு எப்போது தொடங்கியது என்பதில்தான் பாதிச் சண்டை. தந்தி இருந்த காலத்தில், ஆளைப் பிடித்ததுமே வீட்டார் போலீஸ் மேலதிகாரிகளுக்குத் தந்தி அடித்துவிடுவார்கள், நேரம் பதிவாகிவிடும். 2013இல் தந்தி நின்றுபோனது. இப்போது எஸ்.பி.க்கோ கமிஷனருக்கோ உடனே ஒரு மின்னஞ்சல் அனுப்பிவிடுங்கள்.

"எங்களிடம் இல்லை" என்று போலீஸ் எழுதிக் கொடுத்தால் வழக்கு முடிந்துவிடுமா?

பல வழக்குகள் அங்கேதான் படுத்துவிடுகின்றன. ஆனால் கேரளத்தின் ராஜன் வழக்கைப் பாருங்கள். அவசரநிலைக் காலத்தில், 1976 மார்ச் 1 அன்று, கோழிக்கோடு பொறியியல் கல்லூரி மாணவர் ராஜனைப் போலீஸ் பிடித்துப் போனது. தந்தை ஈச்சர வாரியர் 1977இல் உயர் நீதிமன்றம் போனார். கைது செய்யவே இல்லை என்றது அரசு. அவரைக் கொண்டுபோனதைப் பார்த்தவர்களும், கக்கயம் போலீஸ் முகாமில் பார்த்தவர்களும் சாட்சி சொன்னார்கள். நீதிமன்றம் அவர்களை நம்பி, ஆளைக் கொண்டுவா என்றது. அதன் பிறகே, காவலில் இறந்துபோனார் என்று அரசு ஒப்புக்கொண்டது. முதல்வர் கருணாகரன் பதவி விலகினார். அந்தத் தந்தையிடம் கைது ஆவணம் எதுவும் இல்லை, ஆட்கள் இருந்தார்கள். அதனால் காகிதத்தைத் தேடி அலைவதற்கு முன் பார்த்தவர்களைத் தேடுங்கள்.

ஸ்டேஷன் சிசிடிவி பதிவைக் கேட்கலாமா சார்?

கேளுங்கள், அதுவும் மனுவிலேயே. காவல் நிலைய கேமராப் பதிவை 18 மாதம் வைத்திருக்க வேண்டும் என்று 2020இல் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. தெருக்கடை கேமரா அப்படியில்லை, சில நாளில் அழிந்துவிடும். இன்றே போய் வாங்குங்கள்.

ரிமாண்ட் ஆகிவிட்டது, காவலில் வைக்க மாஜிஸ்திரேட் உத்தரவு போட்டுவிட்டார். இனி ஆட்கொணர்வு மனு நிற்குமா?

பொதுவாக நிற்காது. 2023இல் செந்தில் பாலாஜி வழக்கில் உச்ச நீதிமன்றம் இதைத் தெளிவாக்கியது. ரிமாண்ட் உத்தரவே அதிகாரமில்லாமலோ கண்ணை மூடிக்கொண்டோ போட்டதாக இருந்தால் மட்டும் பேசிப் பார்க்கலாம். மற்றபடி ஜாமீன் வழியைப் பாருங்கள்.

அண்ணன் மேல் குண்டாஸ். அவர் நிரபராதி என்று காட்ட என்னென்ன திரட்டணும்?

அந்த வேலையே வேண்டாம். குண்டாஸ் என்பது ஆளை முன்கூட்டியே தடுப்புக் காவலில் வைக்கும் 1982ஆம் ஆண்டின் 14ஆம் சட்டம். அதில் குற்றம் செய்தாரா என்பதில்லை கேள்வி, தடுப்பு உத்தரவு ஒழுங்காகப் போடப்பட்டதா என்பதுதான். ஆதாரம் முழுக்க, உத்தரவோடு அதிகாரிகளே கொடுத்த புக்லெட்டில், அதாவது ஆவணத் தொகுப்பில், இருக்கிறது. பக்கம் பக்கமாகப் புரட்டுங்கள். படிக்க முடியாத நகல் உண்டா? ஆங்கில ஆவணத்துக்குத் தமிழாக்கம் விட்டுப்போயிருக்கிறதா? "இதுபோன்ற வழக்கில் ஜாமீன் கிடைத்திருக்கிறது, இவரும் வெளியே வந்துவிடுவார்" என்று எழுதியிருந்தால், அது எந்த வழக்கு, உண்மையிலேயே இதுபோன்றதுதானா என்று பாருங்கள். வெறுமனே "இதுபோன்ற வழக்கு" என்று விவரமில்லாமல் எழுதியதை 2011இல் ரேகா வழக்கில் உச்ச நீதிமன்றம் ஏற்கவில்லை. தடுப்பு உத்தரவே ரத்தானது.

அப்புறம், அரசுக்கு முறையீட்டு மனு அனுப்பிய தபால் ரசீதையும் பதில் வந்த உறையையும் தூக்கிப் போட்டுவிடாதீர்கள். அந்த மனுவுக்குப் பதில் தர அரசு காரணம் சொல்லாமல் தாமதித்ததற்காகவே ரத்தான உத்தரவுகள் ஏராளம்.