அதிபருக்கு ஒரு கட்சி, துணை அதிபருக்கு இன்னொரு கட்சி என்று ஓட்டுப் போடலாமா?

கேள்வி: டெக்சாஸில் வசிக்கிறோம். சமீபத்தில்தான் எங்களுக்கு அமெரிக்கக் குடியுரிமை கிடைத்தது. 2028-இல் முதன்முறையாக அதிபர் தேர்தலில் ஓட்டுப் போடப் போகிறேன். இங்கே ஆளுநருக்கும் துணை ஆளுநருக்கும் தனித்தனியாக ஓட்டுப் போடலாம் என்கிறார்கள். அதேபோல அதிபருக்கு ஒரு கட்சி, துணை அதிபருக்கு இன்னொரு கட்சி என்று போட முடியுமா? துணை அதிபருக்கு வேலையே கிடையாது என்கிறார்களே, அவர் யார் என்று நான் பார்க்கத்தான் வேண்டுமா? கடைசியாக ஒன்று. என் மகள் சென்னையில் பிறந்தவள். எங்களோடு அவளுக்கும் குடியுரிமை கிடைத்துவிட்டது. அவள் என்றாவது துணை அதிபர் ஆக முடியுமா?

பதில்: முதல் கேள்விக்கு நேரடியாகவே சொல்லிவிடுகிறேன். முடியாது. டெக்சாஸில் மட்டுமல்ல, எந்த மாநிலத்திலும் முடியாது. வாக்குச்சீட்டில் அதிபர் வேட்பாளரும் துணை அதிபர் வேட்பாளரும் ஜோடியாகத்தான் இருப்பார்கள். இரண்டு பெயருக்கும் சேர்த்து ஒரே கட்டம். ஒரு பெயரை அடித்துவிட்டு வேறு பெயர் எழுதுவது, இரண்டு ஜோடிகளுக்கும் எதிரே குறி போடுவது என்று எதையாவது முயன்றால், அதிபர் பதவிக்கான உங்கள் ஓட்டு செல்லாமல் போக வாய்ப்பு அதிகம். தவறுதலாகக் குறித்துவிட்டால், சீட்டைச் செலுத்துவதற்கு முன் வாக்குச்சாவடி ஊழியரிடம் சொல்லி வேறு சீட்டு வாங்கிக்கொள்ளுங்கள்.

ஆளுநர் விஷயத்தில் நீங்கள் கேள்விப்பட்டது சரிதான். டெக்சாஸில் துணை ஆளுநர் தனியாகப் போட்டியிட்டு ஜெயித்து வருபவர். ஜார்ஜ் டபிள்யூ. புஷ் 1995-இல் ஆளுநராகப் பொறுப்பேற்றபோது அவர் குடியரசுக் கட்சி. துணை ஆளுநர் பாப் புல்லக் ஜனநாயகக் கட்சி. மாநில செனட்டின் கடிவாளமும் துணை ஆளுநர் கையில்தான் இருக்கிறது. எந்த மசோதா எந்தக் குழுவுக்குப் போக வேண்டும் என்பதில்கூட அவர் சொல்வதுதான் நடக்கும். நாட்டின் துணை அதிபருக்கு இப்படிச் சொந்தமாகக் கிடைத்த அதிகாரம் மிகக் குறைவு. இந்த வித்தியாசத்தை மனதில் வைத்துக்கொண்டால் மற்றதெல்லாம் எளிதாகப் புரியும்.

நீங்கள் கேட்கும் 'ஆளுக்கொரு கட்சி' ஏற்பாடு நாட்டின் தலைமையிலும் ஒரு காலத்தில் நடந்திருக்கிறது. 1787-இல் எழுதிய அரசியல் சட்டப்படி, தேர்வாளர் (அதிபரைத் தேர்ந்தெடுக்க ஒவ்வொரு மாநிலத்தின் சார்பிலும் ஓட்டுப் போடுபவர்) ஒவ்வொருவருக்கும் இரண்டு ஓட்டு. இரண்டுமே அதிபர் பதவிக்கு. முதலில் வந்தவர் அதிபர், இரண்டாவதாக வந்தவர் துணை அதிபர். கட்சிகள் முளைத்து அணி அணியாகப் போட்டியிடுவார்கள் என்பதைச் சட்டம் எழுதியவர்கள் கணக்கில் எடுக்கவில்லை. 1796-இல் ஜான் ஆடம்ஸ் 71 ஓட்டு வாங்கி அதிபரானார். அவரை எதிர்த்து நின்ற தாமஸ் ஜெஃபர்சன் 68 வாங்கித் துணை அதிபரானார். நான்கு ஆண்டும் எதிரும் புதிருமாகவே ஓடியது. 1800-இல் வேறு சிக்கல். ஜெஃபர்சனுக்கும் அவருடைய சொந்தக் கட்சிக்காரரான ஆரன் பர்ருக்கும் தலா 73 ஓட்டு. கட்சி ஜெஃபர்சனைத்தான் அதிபராக நினைத்தது. ஆனாலும் பர் விலகிக்கொள்ளவில்லை. பிரதிநிதிகள் சபை 36 முறை வாக்கெடுத்த பிறகுதான், 1801 பிப்ரவரியில் ஜெஃபர்சன் அதிபர் என்று முடிவானது. அந்தச் சூட்டோடு வந்ததுதான் 12-ஆவது திருத்தம். 1804 முதல் அதிபருக்குத் தனி ஓட்டு, துணை அதிபருக்குத் தனி ஓட்டு.

ஆம், தனி ஓட்டுதான். உங்கள் சீட்டில் ஜோடியாக இருப்பது, டிசம்பரில் தேர்வாளர்கள் கூடும்போது அவர்களுடைய சீட்டில் இன்றும் பிரிந்தே இருக்கிறது. கட்சிக்குக் கொடுத்த வாக்கை அவர்கள் காப்பாற்றுவதால் நமக்கு அது தெரிவதில்லை. ஒருமுறை அது நன்றாகவே தெரிந்தது. 1836 தேர்தலில் மார்ட்டின் வான் பியூரன் அதிபராகத் தேர்வானார். ஆனால் அவருடைய துணை ரிச்சர்ட் மென்டார் ஜான்சனுக்கு ஓட்டுப் போட வர்ஜீனியாவின் தேர்வாளர்கள் மறுத்துவிட்டார்கள். ஜான்சனுக்குப் பெரும்பான்மை கிடைக்கவில்லை. செனட் வாக்களித்துத்தான் அவரைத் துணை அதிபராக்கியது.

உங்கள் மாநிலத்தோடு சம்பந்தப்பட்ட ஒரு நுணுக்கமும் இதில் உண்டு. தேர்வாளர்கள் தங்கள் மாநிலத்தைச் சேர்ந்த ஒருவருக்கு ஓட்டுப் போடலாம்; அதிபர், துணை அதிபர் இரண்டுக்குமே சொந்த மாநிலத்துக்காரர்களுக்குப் போடக் கூடாது. 2000-இல் அதிபர் வேட்பாளரான புஷ் டெக்சாஸ்காரர். அவர் தேர்ந்தெடுத்த டிக் செய்னியும் அப்போது டெக்சாஸில்தான் வாக்காளராகப் பதிந்திருந்தார். புஷ் அணி மொத்தமாக எடுத்ததே 271, தேவைப்பட்டது 270. டெக்சாஸின் 32 தேர்வாளர்கள் செய்னிக்குப் போட முடியாமல் போயிருந்தால் அவர் கதை கந்தலாகியிருக்கும். அந்த ஜூலையிலேயே வாக்காளர் பதிவைத் தன் பழைய மாநிலமான வயோமிங்குக்கு மாற்றிக்கொண்டார். வழக்குப் போட்டுப் பார்த்தார்கள், நிற்கவில்லை.

சரி, 'வேலையே கிடையாது' என்பதற்கு வருகிறேன். அரசியல் சட்டம் துணை அதிபருக்கு முக்கியமாகத் தருவது இரண்டுதான். ஒன்று, செனட்டுக்குத் தலைமை வகித்து, அங்கே ஓட்டு சமமாக விழுந்தால் மட்டும் தன் ஓட்டைப் போடுவது. இன்னொன்று, அதிபர் பதவி காலியானால் அந்த இடத்துக்கு வருவது. முதல் துணை அதிபரான ஆடம்ஸே இதைவிட அற்பமான பதவியை மனிதன் கண்டுபிடித்ததில்லை என்ற பொருளில் மனைவிக்கு எழுதினார். ஆனால் செனட் இரண்டாகப் பிளந்து கிடக்கும் காலத்தில் அந்த ஒற்றை ஓட்டு சாதாரணமானதல்ல. கமலா ஹாரிஸ் 33 முறை அப்படி வாக்களித்தார். வேறு எந்தத் துணை அதிபரும் அத்தனை முறை போட்டதில்லை. 2025 ஜனவரியில் பாதுகாப்பு அமைச்சர் நியமனமும், ஜூலையில் வரி, செலவு மசோதாவும் 51-50 என்று நிறைவேறியபோது அந்த 51-ஆவது ஓட்டு ஜே.டி. வான்ஸுடையது. ஜனவரி மாதம் தேர்வாளர் ஓட்டுகளை எண்ணும் கூட்டத்துக்கு துணை அதிபர் தலைமை தாங்குவதும் உண்டு. 2021-இல் முடிவுகளை அப்போதைய துணை அதிபர் மைக் பென்ஸ் நிராகரிக்க வேண்டும் என்று நெருக்குதல் வந்தது, அவர் மறுத்தார். அதன் பிறகு 2022-இல் வந்த சட்டம் அது வெறும் நடைமுறைப் பணிதான் என்று சந்தேகத்துக்கு இடமில்லாமல் எழுதிவைத்துவிட்டது.

இதற்கு மேல் ஒரு துணை அதிபர் செய்வதெல்லாம் இரவல் நகைதான். அதிபர் கொடுத்தால் போட்டுக்கொள்ளலாம், கேட்டால் கழற்றிக் கொடுத்துவிட வேண்டும். அதிபரால் துணை அதிபரைப் பதவி நீக்கம் செய்ய முடியாது. ஆனால் ஒரு வேலையும் தராமல் உட்காரவைக்க முடியும்.

அப்படி உட்காரவைத்ததன் விலையை 1945-இல் நாடு பார்த்தது. ஹாரி ட்ரூமன் துணை அதிபராக இருந்தது 82 நாள். ஏப்ரல் 12 அன்று ஃபிராங்க்ளின் ரூஸ்வெல்ட் இறந்தார். அன்று மாலையே ட்ரூமன் பதவியேற்றார். பதவியேற்பு முடிந்ததும் போர்த்துறை அமைச்சர் ஹென்றி ஸ்டிம்சன் அவரைத் தனியே நிறுத்தி, பெரும் நாசசக்தி கொண்ட ஒரு வெடிகுண்டு தயாராகி வருகிறது என்று சுருக்கமாகச் சொன்னார். முழு விவரத்தை உட்கார்ந்து விளக்கியது ஏப்ரல் 25-இல். அணுகுண்டு திட்டம் பற்றிப் பெரிதாக எதுவும் தெரியாத ஒருவர், அதைப் பயன்படுத்துவதா என்று முடிவெடுக்கும் இடத்தில் நின்றார். இந்தப் பதவியைப் பற்றி யார் கேட்டாலும் நான் முதலில் சொல்வது இந்த இரண்டு வார இடைவெளியைத்தான். துணை அதிபர் தேசியப் பாதுகாப்புக் குழுவின் உறுப்பினர் என்று 1949-இல் சட்டமே வந்தது.

ஏன் அப்படி விலக்கிவைத்தார்கள்? துணை அதிபரை யார் தேர்ந்தெடுத்தார்கள் என்று பார்த்தால் பாதி விடை கிடைத்துவிடும். நெடுங்காலம் அது கட்சிப் பெரிய மனிதர்களின் வேலை. மாநாட்டில் பேரம் பேசி, வடக்குக்கு ஒருவர் என்றால் தெற்குக்கு ஒருவர், இந்தக் கோஷ்டிக்கு அது என்றால் அந்தக் கோஷ்டிக்கு இது என்று முடிப்பார்கள். அப்படி வந்து சேர்ந்தவரை அதிபர் எதற்காக நம்பப்போகிறார்? 1940-இல் ரூஸ்வெல்ட்தான் இதை உடைத்தார். ஹென்றி வாலஸ் வேண்டும், இல்லையென்றால் நான் நிற்கவில்லை என்றார். 1944-இல் கட்சித் தலைவர்கள் மறுபடி கையை ஓங்கி, வாலஸை இறக்கிவிட்டு ட்ரூமனைக் கொண்டுவந்தார்கள். 1956-இல் அதிபர் வேட்பாளர் அட்லாய் ஸ்டீவன்சன் முடிவை மாநாட்டிடமே விட்டபோது ஜான் கென்னடியை வீழ்த்தி எஸ்டஸ் கீஃபாவர் ஜெயித்தார். அதன் பிறகு அப்படியொரு நிஜப் போட்டி நடக்கவில்லை.

அதிபர் வேட்பாளரே தேர்ந்தெடுக்கட்டும் என்றானதும் புதுச் சிக்கல் வந்தது, அவசரம். 1972-இல் ஜார்ஜ் மெக்கவர்ன் கடைசி நேரத்தில் தாமஸ் ஈகிள்டனை அறிவித்தார். மனச்சோர்வுக்காக ஈகிள்டன் மின்னதிர்ச்சிச் சிகிச்சை பெற்றது பிறகுதான் வெளியே வந்தது. மூன்று வாரத்துக்குள் அவர் விலக நேர்ந்தது. அந்தப் பாடத்தைப் படித்தவர் ஜிம்மி கார்ட்டர். 1976-இல் நிதானமாக ஆட்களை வரவழைத்துப் பேசி, வால்டர் மாண்டேலைத் தேர்ந்தெடுத்தார். மாண்டேல் பதவியேற்பதற்கு முன்பே, தன் பங்கு என்னவாக இருக்க வேண்டும் என்று கார்ட்டருக்குக் குறிப்பெழுதிக் கொடுத்தார். வெள்ளை மாளிகையின் மேற்குப் பகுதியிலேயே அலுவலகம், அதிபர் பார்க்கும் ரகசியக் கோப்புகள், வாரம் ஒரு முறை இருவர் மட்டும் மதிய உணவு. இன்றுள்ள துணை அதிபர் பதவி அங்கேதான் உருவானது. செய்னி அதை எவ்வளவு தூரம் இழுக்கலாம் என்று காட்டினார்.

நம்பி ஒப்படைக்க ஓர் ஆள் அதிபருக்குக் கிடைக்கிறார் என்பது நல்லதுதான். ஆனால் அந்தத் தேர்வில் இப்போது கட்சிக்கும் குரல் இல்லை, உங்களுக்கும் இல்லை. முதல்கட்டத் தேர்தலில் ஆட்களை ஒவ்வொருவராக வடிகட்டும் வாக்காளர்கள், துணை அதிபர் பெயரைக் கோடையில் தொலைக்காட்சி பார்த்துத் தெரிந்துகொள்கிறார்கள். எனக்கு இது உறுத்தலான விஷயம். ஏனென்றால் இதுவரை அதிபரான 45 பேரில் 9 பேர், முன்னவர் இறந்ததாலோ விலகியதாலோ துணை அதிபர் நாற்காலியிலிருந்து நேரே வந்தவர்கள். ஐந்தில் ஒருவர்.

அதனால் பார்க்கத்தான் வேண்டும். எதைப் பார்ப்பது? எந்த மாநிலத்து ஓட்டை இழுத்து வருவார் என்ற கணக்கு கட்சிகளுக்கு. உங்களுக்கு அது தேவையில்லை. நாளைக் காலையே இவர் அதிபர் நாற்காலியில் உட்கார்ந்தால் எனக்குச் சம்மதமா என்று கேட்டுக்கொள்ளுங்கள். மாநிலத்தையோ துறையையோ நடத்திய அனுபவம், நெருக்கடியில் எடுத்த முடிவுகள், அதிபர் வேட்பாளரோடு முரண்பட்டால் எடுத்துச் சொல்லும் துணிவு, இவற்றை அவர்களுடைய பழைய பதவிக்காலத்தில் தேடுங்கள். அதிபர் வேட்பாளருக்கு வயது கூடக் கூட இந்தக் கேள்விக்கும் எடை கூடும். பிடிக்காத துணை அதிபர் வேட்பாளருக்காக ஓட்டை மாற்றுவீர்களா என்பது உங்கள் முடிவு. ஆனால் இருவருக்கும் சேர்த்துத்தான் போடுகிறீர்கள் என்பது தெரிந்து போடுங்கள்.

துணை அதிபர் நாற்காலியே காலியானால் என்ன ஆகும்? 1967 வரை வழியே இல்லை. கென்னடி கொல்லப்பட்ட பிறகு 14 மாதம் அது காலியாகவே கிடந்தது. 25-ஆவது திருத்தம் வந்த பின், அதிபர் ஒருவரை முன்மொழிய, இரு சபைகளும் பெரும்பான்மையோடு ஏற்க வேண்டும். 1973-இல் ஜெரால்டு ஃபோர்டு அப்படி வந்தார்; மறு ஆண்டு நிக்சன் விலகியதும் அதிபரே ஆனார். பிறகு அவர் முன்மொழிந்த நெல்சன் ராக்ஃபெல்லர் துணை அதிபரானார். நாட்டின் முதலிரண்டு பதவியிலும் அந்தப் பதவிக்காக மக்கள் ஓட்டு வாங்காதவர்கள்.

உங்கள் மகள் விஷயம் வருத்தத்தோடுதான் சொல்ல வேண்டியிருக்கிறது. அதிபர் ஆகத் தகுதி இல்லாதவர் துணை அதிபரும் ஆக முடியாது என்று 12-ஆவது திருத்தத்தின் கடைசி வரி சொல்கிறது. 35 வயது, 14 ஆண்டு வசிப்பு, அவற்றோடு பிறப்பாலேயே குடியுரிமை. கமலா ஹாரிஸின் தாய் சென்னையில் பிறந்தவர், ஆனால் கமலா பிறந்தது ஓக்லாந்தில். அதுதான் வழி திறந்தது. பின்னாளில் குடியுரிமை பெற்ற உங்கள் மகளுக்கு இந்த இரண்டு பதவிகள்தான் மூடியிருக்கின்றன. ஒன்பது ஆண்டு குடியுரிமையும் 30 வயதும் இருந்தால் செனட்டர் ஆகலாம். பிரதிநிதிகள் சபைக்கு ஏழு ஆண்டும் 25 வயதும் போதும். ஆஸ்திரியாவில் பிறந்த ஆர்னால்டு ஷ்வார்ஸ்னேகர் 2003 முதல் 2011 வரை கலிஃபோர்னியாவின் ஆளுநராக இருந்தார். ஆண்டுக் கணக்கு குடியுரிமை கிடைத்த நாளிலிருந்து தொடங்கும். அவள் பெயரில் குடியுரிமைச் சான்றிதழ் தனியாக வாங்கி வைத்திருக்காவிட்டால், இப்போதே விண்ணப்பித்துவிடுங்கள்.