கம்பெனி லாபத்தை மட்டும்தான் பார்க்க வேண்டுமா?

கேள்வி: ‘தி கார்ப்பரேஷன்’ ஆவணப்படத்தை வகுப்பில் திரையிட்டுப் பேசப் போகிறேன். பங்குதாரர்களின் லாபத்தைத்தான் முதலில் பார்க்கச் சொல்லிச் சட்டமே கம்பெனிகளைத் தள்ளுகிறது என்கிறது படம். 2019-லேயே கனடாவில் சட்டம் மாறிவிட்டது, படம் பழசு என்கிறான் கூடப் படிப்பவன். என்ன பதில் சொல்ல? – சட்ட மாணவி, டொரன்டோ

உங்கள் நண்பர் சொல்வதில் பாதி உண்மை. அந்தப் பாதியை முதலில் ஒப்புக்கொண்டுவிடுங்கள், பேச்சு நன்றாகப் போகும்.

படத்தை எழுதிய ஜோயல் பேக்கன், வான்கூவரில் பிரிட்டிஷ் கொலம்பியா பல்கலைக்கழகச் சட்டப் பேராசிரியர். 2003-ல் படம் வந்தபோது அவர் சொன்னதற்கு வலுவான அமெரிக்க முன்னுதாரணம் இருந்தது. கார் விலையைக் குறைக்கிறேன், தொழிலை விரிவாக்குகிறேன் என்று சொல்லி ஹென்றி ஃபோர்டு, பங்குதாரர்களுக்கு லாபத்தில் தரும் பங்கான சிறப்பு டிவிடெண்டை நிறுத்தினார். 10 சதவீதப் பங்கு வைத்திருந்த டாட்ஜ் சகோதரர்கள் வழக்குப் போட்டார்கள். 1919-ல் மிச்சிகன் உச்ச நீதிமன்றம், கம்பெனி நடப்பது முதன்மையாகப் பங்குதாரர்களின் லாபத்துக்காக என்று சொல்லி, 1.9 கோடி டாலருக்கு மேல் டிவிடெண்ட் கொடுக்க வைத்தது.

கனடா அதே வழியில் போகவில்லை. 2008-ல், பெல் கனடா தொலைபேசி நிறுவனத்தின் தாய்க் கம்பெனியான பி.சி.இ. வழக்கில் கனடா உச்ச நீதிமன்றம், நிறுவன இயக்குநர்களின் கடமை கம்பெனிக்குத்தான், பங்குதாரர் நலனே எப்போதும் மேல் என்று விதி ஏதும் இல்லை என்றது. 2019-ல் கூட்டாட்சிக் கம்பெனிச் சட்டத்திலேயே ஊழியர், ஓய்வூதியர், கடன் கொடுத்தவர், நுகர்வோர், அரசு, சுற்றுச்சூழல் எல்லாம் எழுதப்பட்டன. நண்பர் சொல்வது இதைத்தான்.

சரி, அந்தப் பிரிவை எடுத்து வினைச்சொல்லைப் பாருங்கள். இவர்கள் நலனைக் கருத்தில் ‘கொள்ளலாம்’ என்றுதான் இருக்கிறது, ‘கொள்ள வேண்டும்’ என்று இல்லை. என் பார்வையில் விவாதம் முழுக்க இந்த ஒரு சொல்லில்தான் நிற்கிறது. நல்ல மனசுள்ள இயக்குநருக்கு இது பாதுகாப்பு. மனசில்லாதவரை இது ஒன்றும் செய்யாது.

பி.சி.இ. வழக்கில் கடைசியில் என்ன ஆனது என்பதையும் வகுப்பில் சொல்லுங்கள். கம்பெனியை வாங்க வந்தவர்கள் பெருங்கடன் எழுப்பப் பார்த்தார்கள். அதில் சுமார் 3,000 கோடி டாலருக்கு பெல் கனடா பொறுப்பேற்க வேண்டும். பங்கு வைத்திருந்தவர்களுக்குச் சந்தை விலையைவிட ஏறத்தாழ 40 சதவீதம் அதிகம் கிடைக்கும். பெல் கனடாவின் கடன் பத்திரம் வைத்திருந்தவர்களுக்கோ, பத்திர மதிப்பு சராசரியாக 20 சதவீதம் விழுந்தது. தங்களை நியாயமில்லாமல் நடத்திவிட்டார்கள் என்று நீதிமன்றம் போனார்கள், தோற்றார்கள். பங்குதாரர் மட்டுமே முக்கியமில்லை என்று சொன்ன அதே தீர்ப்பில்தான்! அப்புறம் 2008 டிசம்பரில் அந்த பேரமே முறிந்தது வேறு கதை.

படம் பழசு என்பதற்கு பேக்கனே பதில் வைத்திருக்கிறார். 2019 ஆகஸ்டில் 181 அமெரிக்கத் தலைமை நிர்வாகிகள், இனி எல்லோர் நலனும் பார்ப்போம் என்று கையெழுத்திட்டார்கள். திருந்திவிட்டோம் என்ற இந்த மாதிரிப் பேச்சை எடைபோடத்தான் ஜெனிஃபர் ஆபட்டுடன் சேர்ந்து 2020-ல் இரண்டாம் படத்தை இயக்கினார். லாபத்துக்கு உதவும் வரைதான் அந்த நல்லெண்ணம் நீடிக்கும் என்பது அவர் வாதம். ‘கொள்ளலாம்’ என்ற சொல் அதற்கு இடம் கொடுக்கிறது என்றுதான் நானும் நினைக்கிறேன்.

முதல் படம் 145 நிமிடம், வகுப்பில் முழுதாக ஓட்ட முடியாது. கம்பெனியை ஒரு மனிதராக வைத்து மனநோய்க்கூறுகளை ஒவ்வொன்றாகச் சரிபார்க்கும் பகுதியையும், இன்டர்ஃபேஸ் கார்ப்பெட் கம்பெனியின் ரே ஆண்டர்சன் தன் தொழில் பூமிக்குச் செய்த கேட்டைத் தானே ஒப்புக்கொள்ளும் பகுதியையும் போடுங்கள். பிறகு 2019 திருத்தத்தை ஒரு தாளில் அச்சடித்துக் கையில் கொடுத்து, வினைச்சொல்லை வட்டமிடச் சொல்லுங்கள்.