விலாசம் உள்ள எண், விலாசம் இல்லாத எண்

கேள்வி: காரைக்குடியில் ஆத்தங்குடி டைல்ஸ் விற்கிறோம். ஆன்லைன் ஆர்டர் ஃபைல், வங்கி ஸ்டேட்மென்ட், பில்லிங் சாஃப்ட்வேர் மூன்றையும் எக்செலில் போட்டு ஒப்பிட்டால் பாதி பொருந்துவதில்லை. யுபிஐ பரிவர்த்தனை எண் 5.30912ஈ+11 என்று நிற்கிறது. ஆர்டர் எண் எண்ணும் எழுத்தும் கலந்து 24 இடம் நீள்கிறது. எங்கள் சைஸ் கோடு, அதாவது அளவுக் குறியீடு, தேதியாக மாறிவிடுகிறது. இவற்றை எப்படிப் படிப்பது?

பதில்: முதலில் எக்செலைச் சரிசெய்யுங்கள். அது கெடுத்த எண்ணைப் படித்துப் பயனில்லை.

சிஎஸ்வி ஃபைலை (காற்புள்ளியால் பிரித்த வெறும் எழுத்து ஃபைல்) நேரே திறந்தால், எண் போலத் தெரிவதையெல்லாம் எக்செல் எண்ணாக்கிவிடும். 11 இலக்கத்தைத் தாண்டியதை, பத்தின் அடுக்கைக் குறிக்கும் ஆங்கில ‘ஈ’ போட்டுச் சுருக்கிக் காட்டும். யுபிஐ எண் 12 இலக்கம் என்பதால் உள்ளே அது முழுசாகத்தான் இருக்கிறது. செல்லை ‘நம்பர்’ ஆக்கி, தசம இடத்தை 0 என்று வைத்தால் திரும்பிவிடும். ஆனால் சுருங்கிய கோலத்திலேயே மறுபடி சிஎஸ்வியாகச் சேமித்தால், திரையில் தெரிந்ததுதான் ஃபைலில் ஏறும்; மற்ற இலக்கங்கள் போனது போனதுதான். 16 இலக்கமும் அதற்கு மேலும் என்றால் அந்த வழியும் இல்லை. எக்செல் 15 இலக்கம் வரைதான் துல்லியமாக வைத்திருக்கும், மிச்சத்தைத் திறக்கும்போதே பூஜ்யமாக்கிவிடும். ஆர்டர் எண்கள் வரிசையாக 000 என்று முடிந்தால் காரணம் இதுதான். எண்ணின் முன்னால் உள்ள பூஜ்யமும் இப்படியே உதிரும்.

உங்கள் சைஸ் கோடும் இதே கதை. 10-10 எக்செலுக்கு அக்டோபர் 10. 8-8 ஆகஸ்ட் 8. 12ஈ4 என்று ஒரு டிசைனுக்குப் பெயர் வைத்தால் அது 120000 ஆகும்.

ஆகவே ஃபைலை இரட்டைக் கிளிக் செய்து திறக்காதீர்கள். வெற்று ஷீட்டில் ‘டேட்டா’ மெனுவில் ‘ஃப்ரம் டெக்ஸ்ட்/சிஎஸ்வி’ எடுத்து, ‘டிரான்ஸ்ஃபார்ம் டேட்டா’ போய், குறியீடு உள்ள ஒவ்வொரு நெடுவரிசையையும் ‘டெக்ஸ்ட்’ ஆக்குங்கள். ‘ரிப்ளேஸ் கரன்ட்’ என்று கேட்கும், அதையே கொடுங்கள். மூன்று ஃபைலுக்கும் இதே முறை வேண்டும். ஒன்றில் டெக்ஸ்டாகவும் மற்றதில் நம்பராகவும் இருந்தால், கண்ணுக்கு ஒன்றாகத் தெரிந்தாலும், எக்செலின் தேடிப் பொருத்தும் ஃபார்முலாவான ‘வீலுக்கப்’ பொருத்தாது. எழுத்துக்குப் பின்னால் ஒட்டிய வெற்றிடமும் அதே தொல்லையைத் தரும். ‘டிரிம்’ போட்டால் நீங்கும்.

இனிப் படிப்பது. உங்கள் ஊரில் முன்னெழுத்துகளைப் பார்த்தே யார் வீட்டுப் புள்ளி, எந்தக் கடை என்று சொல்லிவிடுவார்களே, அந்த விலாசம் போன்றவை சில குறியீடுகள். ஒவ்வொரு இடத்துக்கும் பொருள் உண்டு. மற்றவை வெறும் டோக்கன், அடையாளத்துக்கு மட்டும்; உள்ளே பொருள் இல்லை.

ஜிஎஸ்டி எண் விலாசம் உள்ளது. மொத்தம் 15 இடம். முதல் 2 மாநிலம், தமிழ்நாட்டுக்கு 33. அடுத்த 10 பான் எண். 13ஆம் இடம் அதே பானில் அந்த மாநிலத்தில் எத்தனையாவது பதிவு என்பது. 14 வழக்கமாக ‘இசட்’. 15 சரிபார்ப்புக்கான எழுத்து அல்லது இலக்கம். முன்னதில் ஒன்றைத் தப்பாக அடித்தால் சாஃப்ட்வேர் மறுப்பது இதை வைத்துத்தான். ஓ என்ற எழுத்தா பூஜ்யமா என்ற குழப்பத்துக்கும் இடமே விடை சொல்லும்: 3 முதல் 7 வரை எழுத்துதான், 8 முதல் 11 வரை இலக்கம்தான், 12 எழுத்து. பானின் நான்காம் எழுத்து ஆளைக் காட்டும்: சி என்றால் கம்பெனி, எஃப் என்றால் பார்ட்னர்ஷிப், ஹெச் என்றால் இந்துக் கூட்டுக் குடும்பம். கூட்டுக் குடும்பத்தின் பெயரில் பில் கேட்டுவிட்டு வேறு எழுத்துள்ள எண்ணைத் தந்தால் அப்போதே கேட்டுவிடுங்கள். வங்கிக் கிளையின் குறியீடான ஐஎஃப்எஸ்சி 11 இடம்: 4 எழுத்து வங்கி, ஐந்தாவது எப்போதும் பூஜ்யம், கடைசி 6 கிளை. அந்த ஐந்தாம் இடத்தில் ஓ அடிப்பதுதான் நாம் அதிகம் காணும் பிழை.

யுபிஐ எண்ணின் முதல் இலக்கம் பெரும்பாலும் ஆண்டின் கடைசி இலக்கம், அடுத்த மூன்றும் ஆண்டின் எத்தனையாவது நாள் என்பது. உங்கள் எண் 5309 என்று தொடங்குகிறது என்றால் 2025இன் 309ஆம் நாள், நவம்பர் 5. செயலியில் இரண்டு எண் தெரியும். ஒன்று செயலி தன் கணக்குக்கு வைத்தது, வங்கிக்கு அது புரியாது. ஸ்டேட்மென்டோடு ஒப்பிடவும் புகார் கொடுக்கவும் யுடிஆர் (வங்கிகளுக்குப் பொதுவான பரிவர்த்தனை எண்) என்று போட்ட 12 இலக்கத்தையே எடுங்கள். ஆர்டிஜிஎஸ் என்றால் அது 22 இடம், தேதி நடுவிலேயே இருக்கும், நெஃப்ட் 16.

பில்லில் பொருளின் வகையைக் காட்டும் ஹெச்எஸ்என் எண்ணிலும் ஒரு கண் வேண்டும். டைல்ஸ் என்று தேடினால் 6907 கிடைக்கும். அது சூளையில் சுட்ட செராமிக்குக்கு உரியது. ஆத்தங்குடிக் கல் கண்ணாடி மேல் வண்ணமும் சிமென்டும் மணலும் இட்டு, தண்ணீரில் ஊறவைத்து எடுப்பது, சுடுவதே இல்லை. ஆகவே அது சிமென்ட் பொருள்களுக்கான 6810. முதல் இரண்டு இலக்கம் 68 என்று இருக்கிறதா என்று பழைய பில்களைப் பாருங்கள்.

உங்கள் 24 இட ஆர்டர் எண் பாதி டோக்கன், பாதி விலாசம். பூஜ்யம் முதல் ஒன்பது வரையும் ஆங்கில முதல் ஆறு எழுத்தும் மட்டுமே அதில் இருந்தால், மாங்கோடிபி என்ற தரவுத்தளம் கொடுத்த எண்ணாக இருக்க வாய்ப்பு அதிகம். முதல் 8 இடம் அது உருவான நேரம், பதினாறடிமானத்தில் (பத்துக்குப் பதில் பதினாறு குறிகளால் எழுதும் எண்முறை). உதாரணமாக 65920080ஐ சாதாரண எண்ணாக்கினால் 1704067200. 1970 ஜனவரி 1 முதல் கடந்த விநாடிகள் இவை. எக்செலில் அதை 86400ஆல் வகுத்து, 25569 கூட்டி, இந்திய நேரத்துக்காக 5.5/24 கூட்டி, செல்லைத் தேதியாக்கினால் 2024 ஜனவரி 1, காலை 5:30 என்று வரும். அந்த 5.5/24ஐ விட்டால் நள்ளிரவுக்கும் காலை ஐந்தரைக்கும் இடையில் வந்த ஆர்டரெல்லாம் முந்தின நாள் கணக்கில் விழும். ‘பாதி பொருந்தவில்லை’ என்பதில் ஒரு பங்கு இதுவாக இருக்கலாம். 13 இலக்க நேரம் கிடைத்தால் அது மில்லிவிநாடி. முதலில் 1000ஆல் வகுங்கள்.

8-4-4-4-12 என்று கோடு போட்டுப் பிரிந்த 36 இட யுயுஐடி (கணினி உருவாக்கும் தனித்த அடையாள எண்) வந்தால், மூன்றாம் பகுதியின் முதல் எழுத்தைப் பாருங்கள். 4 என்றால் முழுக்கத் தற்செயல், தோண்டிப் பயனில்லை. 7 என்றால் தொடக்கத்தில் நேரம் இருக்கிறது. இ-இன்வாய்ஸின் 64 இட ஐஆர்என்னும் (பில்லின் பதிவு எண்) பிரித்துப் படிக்க முடியாதது. விற்பவர் ஜிஎஸ்டி எண், நிதியாண்டு, ஆவண வகை, ஆவண எண் நான்கையும் அரைத்துப் பிழிந்தது அது. இப்படிப்பட்டதை முழுசாக நகலெடுத்து ஒட்டுங்கள், கையால் அடிக்காதீர்கள்.

சைஸ் கோட்டை மாற்றியே ஆகவேண்டும். எழுத்தில் தொடங்கி நான்கு இலக்க வரிசை எண், அவ்வளவு போதும். ஆங்கில ஓ, ஐ, ஈ மூன்றையும் தவிருங்கள். அளவு, நிறம், டிசைன், விலை எல்லாம் தனித்தனி நெடுவரிசையில். கோட்டுக்குள் நிறத்தை நுழைத்தால், அதே பூவை வேறு பச்சையில் போட்ட நாளில் கோடு பொய்யாகும். ஒரு டிசைனை நிறுத்தினாலும் அதன் எண்ணை இன்னொன்றுக்குத் தராதீர்கள். நாலு வருடம் கழித்து அதே கல் இன்னும் இருபது வேண்டும் என்று பழைய பில்லோடு ஒருவர் வருவார்.