கிரேஸி மோகன்: நீங்கள் கேட்டவை

சபா நாடகங்களில் பல வருடம் ப்ராம்ப்டராக இருந்தவன் நான். சைடு விங்கில் ஸ்கிரிப்டும் கையுமாக நின்று, நடிகர் தடுமாறினால் அடுத்த வரியை அடிக்குரலில் எடுத்துக் கொடுக்கும் வேலை. நகைச்சுவை நாடகமும் சினிமா வசனமும் எழுதிய கிரேஸி மோகனின் குழுவில் இருந்ததில்லை. ஆனால் எங்கள் குழுவுக்கு நாடகம் இல்லாத நாளில் அவர் நாடகம் எங்கே என்று தேடிப் போய் உட்கார்ந்துவிடுவேன். அவரைப் பற்றி என்ன வேண்டுமானாலும் கேளுங்கள் என்று சொன்னதும் நிறையப் பேர் கேட்டுவிட்டீர்கள். ஒரே மாதிரியானவற்றைச் சேர்த்துப் பதில் சொல்கிறேன்.

மோகன் சரி, "கிரேஸி" எங்கிருந்து வந்தது? அவர் இன்ஜினியராமே? (திருச்சி வாசகர்)

ஆமாம். 1952 அக்டோபர் 16-ல் பிறந்தவர், இயற்பெயர் மோகன் ரங்காச்சாரி. கிண்டி பொறியியல் கல்லூரியில் மெக்கானிக்கல் படித்தார். 1972-ல் கல்லூரிகளுக்கு இடையே நடந்த போட்டிக்காக 'கிரேட் பேங்க் ராபரி' என்று ஒரு நாடகம் எழுதி நடித்தார். சிறந்த எழுத்தாளர், சிறந்த நடிகர் இரண்டு பரிசும் அவருக்கே கிடைத்தன. படிப்பு முடிந்து சுந்தரம் கிளேட்டனில் வேலை பார்த்தார்.

1976-ல் எஸ்.வி. சேகரின் நாடகப்பிரியா குழுவுக்காக 'கிரேஸி தீவ்ஸ் இன் பாலவாக்கம்' எழுதினார். நாடகம் ஓகோவென்று ஓடியது. தலைப்பின் முதல் சொல் எழுதியவர் பெயரோடு ஒட்டிக்கொண்டது. 1979-ல் 'கிரேஸி கிரியேஷன்ஸ்' என்று சொந்தக் குழு. தம்பி பாலாஜிதான் அதில் கதாநாயகன். நாடகத்துக்கு நாடகம் அவர் பெயர் மாது என்பதால் அவரும் மாது பாலாஜி ஆகிவிட்டார்.

எல்லா கதாநாயகியும் ஜானகிதானாமே, ஏன்? (சேலம்)

பள்ளிக்கூடத்தில் அவரை மேடையேற்றிவிட்ட ஆசிரியையின் பெயர் ஜானகி. நன்றிக் கடனை இப்படி ஆயுசு முழுக்கத் தீர்த்தார். 'அபூர்வ சகோதரர்கள்' கௌதமி, 'அவ்வை சண்முகி' மீனா, 'பம்மல் கே. சம்பந்தம்' சிம்ரன், 'வசூல்ராஜா எம்.பி.பி.எஸ்.' சினேகா, எல்லோரும் ஜானகிதான். 'பஞ்சதந்திரம்' சிம்ரன் மட்டும் மைதிலி. அதுவும் சீதையின் பெயர்தானே!

சார், அவர் எழுதுவது வெறும் கடி ஜோக்குதானே? அதில் அப்படி என்ன இலக்கியம்? (கல்லூரி மாணவர், கோவை)

தம்பி, இந்தக் கேள்வி வராதா என்று காத்திருந்தேன்.

கடி ஜோக்கில் சொல் மட்டும்தான் புரளும். மோகனிடம் சொல்லோடு சேர்ந்து ஆளும் புரள்வார். அவர் வரியைத் தொடாமல் நானே ஒரு சின்ன உதாரணம் கட்டிச் சொல்கிறேன். மாப்பிள்ளை வீட்டார் பெண் பார்க்க வந்திருக்கிறார்கள்.

"பையனோட அண்ணா என்ன பண்றார்?"
"பேங்க்ல இருக்கார்."
"ஆபீசரா?"
"இல்ல, க்யூவுல."

இதோடு நின்றால் கடி. மோகன் நாடகமாக இருந்தால் இங்கேதான் ஆரம்பம். பெண்ணின் அப்பா காதில் "பேங்க்ல இருக்கார்" மட்டும் விழுந்திருக்கும், அடுத்த இரண்டு வரி விழுந்திருக்காது. அவர் அந்த அண்ணனிடம் தனியாகப் போய் லோன் கேட்பார். அண்ணனோ தன்னிடம் கைமாற்றுக் கேட்கிறார் என்று பதறுவார். அடுத்த அரை மணி நேரம் இருவரும் ஒரே சொற்களை வைத்துக்கொண்டு வேறு வேறு விஷயம் பேசுவார்கள். பார்க்கிற நமக்கு இரண்டு விஷயமும் தெரியும், அவர்களுக்கு ஒன்றுதான் தெரியும். சிரிப்பு அந்த இடைவெளியில் பிறக்கிறது.

இன்னொன்றையும் கவனியுங்கள். "க்யூவுல" என்ற சொல் வாக்கியத்தின் கடைசியில் நிற்கிறது. "க்யூவுல நிக்கறார் பேங்க்ல" என்று சொல்லிப் பாருங்கள், ஒருவரும் சிரிக்க மாட்டார்கள். தமிழில் சொற்களை முன்னே பின்னே மாற்றிப்போடலாம், வேற்றுமை உருபு பார்த்துக்கொள்ளும். அந்தச் சலுகையை முழுக்கப் பயன்படுத்தியவர் மோகன். வெடிக்க வேண்டிய சொல் எதுவோ அதற்குப் பின்னால் ஒரு அசை கூட வராது. ப்ராம்ப்டர் வேலையில் இதை நான் பட்டுத் தெரிந்துகொண்டேன். ஒருமுறை எங்கள் நாடகத்தில் நடிகர் ஒருவர் வரி மறந்து நின்றபோது, அவசரத்தில் சொல் வரிசையை மாற்றி எடுத்துக் கொடுத்துவிட்டேன். பொருள் ஒன்றுதான், ஒரு சொல்கூட விடுபடவில்லை. முந்தின வாரம் அரங்கமே அதிர்ந்த அதே இடத்தில் அன்றைக்கு ஒருவர் இருமும் சத்தம்தான் கேட்டது.

அவர் வெண்பா எழுதுவாராமே? நகைச்சுவைக்காரருக்கு மரபுக் கவிதை எதற்கு? (தமிழாசிரியை, தஞ்சாவூர்)

அம்மா, மேலே சொன்ன பதிலின் மீதிதான் இது. வெண்பாவின் ஈற்றுச் சீர் நாள், மலர், காசு, பிறப்பு என்ற நான்கு ஓசை அமைப்புகளில் ஒன்றாக முடியவேண்டும் என்பது உங்களுக்குத் தெரியாததில்லை. நான்கு அடியும் ஓடிவந்து கடைசியில் சட்டென்று வெட்டிக்கொண்டு நிற்கும். நகைச்சுவை வசனத்தின் கடைசிச் சொல்லும் அப்படி நிற்க வேண்டியதுதான். சீருக்குச் சீர் இருக்க வேண்டிய கட்டு, அதாவது தளை, தட்டாமல் எழுதிப் பழகிய கைக்கு வசனத்தில் தட்டுமா? எதுகை மோனையும் அப்படித்தான், அவர் வசனத்தில் தேடாமலே வந்து விழும். ரமண மகரிஷியின் மேல் அளவில்லாத பக்தி, அவரைப் பற்றி வெண்பாக்கள் எழுதினார். ஓவியர் கேசவ் தினமும் வரைந்த கிருஷ்ணன் படங்களுக்கும் வெண்பா எழுதிவந்தார். தானே படமும் வரைவார். இதையெல்லாம் பொழுதுபோக்கு என்று ஒதுக்குவதை என்னால் ஏற்க முடியவில்லை. வசனத்துக்கான சாதகம் என்றே நினைக்கிறேன்.

சினிமாவுக்கு எப்படி வந்தார்? (பெங்களூரு)

கே. பாலசந்தர் வழியாக. 'மேரேஜ் மேட் இன் சலூன்' நாடகத்தை அவர் 1983-ல் 'பொய்க்கால் குதிரை' ஆக்கினார். கவிஞர் வாலி நடித்த படம், சார்லிக்கு முதல் படம். திருப்புமுனை 1989-ல் 'அபூர்வ சகோதரர்கள்'. அதற்குப் பிறகு கமல்ஹாசனும் அவரும் சேர்ந்த வரிசை எல்லோருக்கும் தெரிந்ததுதான். ரஜினிக்கு 'அருணாச்சலம்' எழுதினார். 2012-ல் 'நான் ஈ' தமிழ் வசனமும் அவருடையது.

பாதிப் படம் ரீமேக், மீதிக்குக் கமல் திரைக்கதை. அப்படியிருக்க மோகனுக்கு ஏன் இவ்வளவு பெருமை? (சென்னை)

கேள்வியில் இருக்கும் தகவல் சரி. 'அவ்வை சண்முகி'க்கு 'மிஸஸ் டவுட்ஃபயர்', 'சதிலீலாவதி'க்கு 'ஷீ டெவில்', 'வசூல்ராஜா'வுக்கு 'முன்னாபாய் எம்.பி.பி.எஸ்.' என்று மூலங்கள் உண்டு. 'மைக்கேல் மதன காமராஜன்' திரைக்கதை கமலுடையது, மோகன் வசனம்.

ஆனால் கதை எங்கிருந்து வந்தாலும் சிரிப்பை இறக்குமதி செய்ய முடியாது. ஆங்கிலத்தில் ஒருவன் பெண் வேடம் போட்டு வந்தால் என்ன பேசுவான் என்பது மயிலாப்பூர் மாமிக்கு உதவாது. மடிசார் கட்டிய மாமி பேச வேண்டியது முழுக்கப் புதிதாக எழுதப்பட வேண்டும். அந்தப் பெயரே பாருங்கள், கமல் சிறுவனாகச் சேர்ந்த நாடகக் குழுவின் அவ்வை டி.கே. சண்முகத்துக்குச் செலுத்திய மரியாதை. பெண் வேடத்தால் பெயர் பெற்ற நாடகக்காரரின் பெயரை அந்த மாமிக்கு வைத்தபோதே அது நம் ஊர்க் கதையாகிவிட்டது.

'அபூர்வ சகோதரர்கள்' போலீஸ் காட்சிகளை எடுத்துக்கொள்ளுங்கள். இன்ஸ்பெக்டர் ஜனகராஜ் கொலையைப் பற்றி ஒரு யூகம் சொல்வார். பக்கத்தில் நிற்கும் ஆர்.எஸ். சிவாஜி, "சார், நீங்க எங்கேயோ போயிட்டீங்க" என்பார். அதில் ஜோக் என்று தனியாக ஒன்றும் இல்லை. சிலேடை இல்லை, யாரையும் மட்டம் தட்டவில்லை. மேலதிகாரியைக் குளிரவைக்கும் நம் ஊர்ப் பேச்சு, அவ்வளவுதான். தப்பான யூகத்துக்கும் அதே பாராட்டு, அதைவிடத் தப்பானதற்கும் அதே பாராட்டு என்று அடுக்க அடுக்கத்தான் சிரிப்பு ஏறுகிறது. முப்பத்தைந்து வருடம் கழித்தும் ஆபீஸில், கல்யாண வீட்டில், டீக்கடையில் அந்த வரி புழங்குகிறது. சொல்கிற பாதிப் பேருக்கு யார் எழுதியது என்று தெரியாது. வசனகர்த்தாவுக்கு இதைவிடப் பெரிய விருது எனக்குத் தெரியவில்லை.

'தெனாலி' படத்தில் எங்கள் தமிழைச் சரியாகக் கொண்டுவந்தாரா? (டொராண்டோவில் வாழும் யாழ்ப்பாணத்தவர்)

யாழ்ப்பாணத்துக் காதுக்கு அதில் இடறும் இடங்களை நீங்கள்தான் சொல்ல வேண்டும், அந்தத் தீர்ப்பு உங்களுடையது. நான் சொல்லக்கூடியது ஒன்று. 2000-ல் அப்படி ஒரு தமிழை வணிகப் படத்தின் நாயகன் படம் முழுக்கப் பேசினான் என்பதே எங்களுக்குப் பெரிய விஷயமாக இருந்தது. அந்த மனிதனின் பயங்கள் வேடிக்கையாகக் காட்டப்பட்டாலும், அவை போரிலிருந்து வந்த பயங்கள் என்பதைப் படம் மறைக்கவில்லை.

வட்டார வழக்கில் அவருக்கும் கமலுக்கும் தீராத ஆசை. 'மைக்கேல் மதன காமராஜ'னில் சமையற்காரர் காமேஸ்வரன் பாலக்காட்டுத் தமிழ் பேசுகிறார். 'சதிலீலாவதி'யில் கோவை சரளா கொங்குத் தமிழ். அந்தப் பெண்ணை வெகுளி என்று காட்டி, அந்த வெகுளித்தனத்தையே அவளுடைய பலமாக்கினார்கள். பேச்சு வழக்கைக் கேலி செய்வது சுலபம். அந்த வழக்கிலேயே யோசிக்கிற ஆளை எழுதுவது கடினம்.

இன்று பார்க்கும்போது சில ஜோக்குகள் உறுத்துகின்றன. பெண்டாட்டிக்குப் பயந்த புருஷன், உருவக் கேலி... உங்களுக்கு உறுத்தவில்லையா? (மதுரை)

உறுத்துகிறது, சில இடங்களில். 'பஞ்சதந்திர'த்தில் மனைவிமார்களை எழுதிய விதம் எனக்கு முழுச் சம்மதம் இல்லை. சபா நாடகத்தின் பழைய வழக்கங்கள் அவரிடமும் இருந்தன.

அதே கையோடு 1994-ல் வந்த 'மகளிர் மட்டும்' படத்தையும் பாருங்கள். அலுவலகத்தில் மேனேஜரின் சீண்டலைச் சகித்துக்கொண்டிருக்கும் மூன்று பெண்கள். ரேவதி, ஊர்வசி, ரோகிணி. அந்த விஷயத்தைப் பற்றி வாய் திறக்கவே தயங்கிய காலம். அதைச் சிரிக்கச் சிரிக்கச் சொன்னார், ஆனால் சிரிப்பு ஒரு தடவைகூட அந்தப் பெண்கள் பக்கம் திரும்பவில்லை, நாசர் நடித்த மேனேஜர் பக்கமே நின்றது. அதில் நாகேஷுக்குப் பிண வேடம்! ஒரு வரி வசனம் கிடையாது. மேனேஜர் செத்துவிட்டார் என்று நினைத்து ஆஸ்பத்திரியிலிருந்து வேறு யாருடைய உடலையோ தூக்கிவந்துவிட்டு அந்தப் பெண்கள் படும் பாடு இருக்கிறதே! நாகேஷ் சாய்கிறார், சரிகிறார், தலை தொங்குகிறது. வசனம் எழுதிப் பிழைக்கிறவர், வசனமே இல்லாத பாத்திரத்துக்குச் சுற்றியிருப்பவர்களின் பதற்றத்தைப் பேச்சாக எழுதி இடம் விட்டிருக்கிறார். உங்கள் வருத்தத்தோடு இதையும் சேர்த்து வைத்துக்கொள்ளுங்கள் என்றுதான் கேட்கிறேன்.

வேகமாகப் பேசினால் பாதி ஜோக் காதில் விழுவதில்லையே? (புதுச்சேரி)

சினிமாவில் விழாது, மேடையில் விழும். ஒரே வசனகர்த்தாதான், வித்தியாசம் காத்திருப்பில். மேடையில் ஜனங்கள் சிரிக்க ஆரம்பித்ததும் நடிகர் அசையாமல் நிற்பார். சிரிப்பு உச்சிக்குப் போய் இறங்கத் தொடங்கும் இடம் ஒன்று உண்டு. முழுக்க அடங்குவதற்கு ஒரு நொடி முன்னால் அடுத்த வரியைப் போட வேண்டும். முந்தினால் வரி சிரிப்பில் மூழ்கிவிடும், பிந்தினால் அரங்கம் ஆறிவிடும். மாது பாலாஜி இதில் கைதேர்ந்தவர், முகத்தை அப்பாவியாக வைத்துக்கொண்டு நிற்பார் பாருங்கள்! சினிமாவில் தியேட்டர் சிரிப்பு எவ்வளவு நேரம் நீளும் என்று படத்தொகுப்பாளருக்கு எப்படித் தெரியும்? அதனால்தான் 'மைக்கேல் மதன காமராஜ'னை ஐந்தாவது முறை பார்க்கும்போதும் புதிதாக ஒரு வரி காதில் விழுகிறது. என் வீட்டில் அந்தப் படம் ஓடினால் ஒருவரும் பேசக் கூடாது என்பது எழுதாத சட்டம்.

பதினான்கு வயது மகளுக்கு முதலில் எதைக் காட்டலாம்? (துபாய்)

'மைக்கேல் மதன காமராஜன்'. கல்யாணச் சமையலில் மீன் விழும் காட்சி ஒன்று போதும். பிறகு 'அவ்வை சண்முகி'. 'பஞ்சதந்திரம்' இப்போதைக்கு வேண்டாம்.

நானும் நகைச்சுவை நாடகம் எழுதுகிறேன், அண்ணா. படிக்கும்போது எல்லோரும் சிரிக்கிறார்கள், மேடையில் விழுந்துவிடுகிறது. என்ன தப்பு? (திருநெல்வேலி)

ஸ்கிரிப்டைப் பார்க்காமல் சொல்வதானால், உங்கள் பாத்திரங்களுக்குத் தாங்கள் ஜோக் அடிப்பது தெரிந்திருக்கும். மோகனின் மாதுவுக்குத் தெரியாது. அவனுக்கு அது வாழ்வா சாவா பிரச்சினை. வீட்டுக்காரர் வரப்போகிறார், சொன்ன பொய்யைக் காப்பாற்ற வேண்டும், அவன் வியர்த்துப் போயிருக்கிறான். நடிகரிடம் "சிரிக்க வைக்காதே, பொய்யைக் காப்பாற்று" என்று சொல்லிப் பாருங்கள். பிறகு ஒரு காட்சிக்குள் எத்தனை பேர் எத்தனை பொய்யோடு நிற்கிறார்கள் என்று எண்ணுங்கள். இரண்டுக்குக் குறைந்தால் காட்சி தொங்கும். ஆங்கிலத்தில் நகைச்சுவை நாவல்கள் எழுதிய வோட்ஹவுஸையும் தமிழில் எழுதிய தேவனையும் படியுங்கள், முடிச்சுப் போடும் வித்தை இருவரிடமும் இருக்கிறது.

அவர் போன பிறகு நாடகங்கள் நடக்கின்றனவா? போனால் எங்கே உட்கார வேண்டும்? (செங்கல்பட்டு)

2019 ஜூன் 10 அன்று மாரடைப்பில் போனார், 66 வயதுதான். அன்று இரவு நான் பழைய கேசட் ஒன்றைத் தேடி எடுத்துக் கேட்டேன், பாதியில் நிறுத்திவிட்டேன். மாது பாலாஜி நாடகங்களைத் தொடர்ந்து போட்டுவருகிறார். சபா அறிவிப்புகளைப் பார்த்துக்கொண்டிருங்கள், 'சாக்லேட் கிருஷ்ணா' வந்தால் விடாதீர்கள்.

முன்வரிசை வேண்டாம். நடுவில், எட்டாவது பத்தாவது வரிசையில் உட்காருங்கள். சிரிப்பு பின்னாலிருந்து உங்கள் தலைக்கு மேலாக மேடைக்குப் போவதும், மேடையில் அவர்கள் அதற்காகக் காத்து நிற்பதும் அங்கிருந்தால்தான் தெரியும். பாட்டி தாத்தா இருந்தால் கூட்டிக்கொண்டு போங்கள், கொஞ்சம் முன்னதாகவே.