அந்த ஒரு மரம்

அன்புள்ள அம்மா,

தென்னாப்பிரிக்காவில், டர்பன் பக்கத்து ஃபீனிக்ஸில் சனிக்கிழமைகளில் தமிழ் வகுப்பு எடுக்கிறேன். இந்த வாரம் நற்றிணை 172ஆம் பாடலை நடத்தினேன். சிறுமிகள் மணலில் அழுத்தி விளையாடி மறந்துபோன புன்னைக் கொட்டை முளைத்து மரமாகிறது. நெய்யும் பாலும் ஊற்றி வளர்த்த அந்த மரத்தை ‘உங்கள் தங்கை’ என்கிறாள் தாய். அதனால் அதன் அடியில் காதலனோடு சிரித்துப் பேச நாணமாக இருக்கிறது என்கிறாள் தோழி. இதை ‘உலகின் முதல் சுற்றுச்சூழல் கவிதை’ என்று வகுப்புச் சுவரில் எழுதி ஒட்டலாமா? பாடியவர் பெண்ணாக இருப்பாரா? டர்பனில் புன்னை மரத்தை எங்கே காட்டலாம்?

*

அன்புள்ள தம்பி,

ஒட்டாதீர்கள். ஏற்கெனவே ஒட்டியிருந்தால் கிழித்துவிடுங்கள். எதைத் தொட்டாலும் ‘உலகின் முதல்’ என்று ஏன் ஆக வேண்டியிருக்கிறது நமக்கு? நல்ல பாட்டு என்றால் போதாதா? பாடியவர் பெயர் கிடைக்கவில்லை. ஆணா பெண்ணா என்று ஆரூடம் பார்க்க எனக்குப் பொழுதில்லை. புன்னைக்காக ஊரைச் சுற்றவும் வேண்டாம். ஓடைக்கரையில் உம்டோனி நிற்கும், நம் நாவலுக்குப் பங்காளி. அதைக் காட்டுங்கள்.

ஆனாலும் கடிதம் நல்ல நேரத்தில் வந்தது. இந்தப் பாட்டின் கடைசி அடி கொஞ்ச நாளாக என்னை விடாமல் பிடித்துக்கொண்டிருக்கிறது. நீங்கள் அதைச் சொல்லாமலே விட்டுவிட்டீர்கள். ‘நிறைபடு நீழல் பிறவுமார் உளவே.’ நல்ல நிழல் தரும் வேறு மரங்களும் இருக்கின்றன என்கிறாள் தோழி. இந்த மரத்தடி வேண்டாம், வேறு மரத்தடிக்கு வா. மரமெல்லாம் தமிழருக்கு உடன்பிறப்பு என்றால் அந்த மற்ற மரங்கள் என்ன பாவம் செய்தன? அவற்றின் கீழே சிரித்தால் நாணம் வராதா? வராது. அவள் வீட்டில் வளர்ந்தவை அல்ல அவை. (பகலில் வந்து போகிறவனைப் பெண் கேட்டு வரச்சொல்லி நெருக்கும் தந்திரம் இது என்கிறது பாட்டின் சூழலைச் சொல்லும் பழைய துறைக்குறிப்பு. அது கிடக்கட்டும்.)

பொதுவான மர நேசம் எதுவும் இந்தப் பாட்டில் இல்லை. இருப்பது ஒரு மரம், ஒரு வீடு, ஒரு தாயின் வாய். ‘நும்மினும் சிறந்தது நுவ்வை ஆகும்.’ வகுப்பில் இதை உருகி உருகிப் படித்திருப்பீர்கள். எனக்கு இதில் வசவுதான் கேட்கிறது. உங்களைவிட இது மேல் என்று எந்தத் தாய் கொஞ்சிக்கொண்டே சொல்வாள்? சொன்ன வேலையைச் செய்யாத பெண்களைப் பார்த்துச் சொல்லியிருப்பாள். உரைகாரர்கள் ஒப்புக்கொள்ள மாட்டார்கள். அவர்களுக்கு என் அம்மாவைத் தெரியாது.

டர்பனின் கேட்டோ மேனரில் எங்களுடையது பலகையும் தகரமுமான வீடு. அடுக்களைக் கதவுக்கு வெளியே, சாம்பல் கொட்டும் இடத்தில், யாரோ சப்பி எறிந்த மாங்கொட்டை முளைத்தது. அம்மா அரிசி கழுவிய தண்ணீரை அதற்கென்று சட்டியில் எடுத்து வைப்பாள். கொண்டுபோய் ஊற்றுவது என் வேலை. நான் படியில் நின்றபடியே வீசிவிட்டு விளையாட ஓடுவேன். பாதி தகரத்தில் விழுந்து வழியும். “அது நின்ற இடத்தில் நின்று காய்க்கிறது, நீ ஓடி ஓடித் தின்கிறாய். உன்னைப் பெற்றதற்கு அதையே பெற்றிருக்கலாம்” என்பாள். எழுத்தில் பாதிக் காரம் போய்விட்டது. எனக்கு அந்த மரத்தின் மேல் பொறாமை. கல்லெறிந்து காய் பறித்ததில் கொஞ்சம் பழிவாங்கலும் உண்டு. இதற்கும் சுற்றுச்சூழலுக்கும் என்ன சம்பந்தம், சொல்லுங்கள்?

1950இல், இனத்துக்கு ஓர் இடம் என்று ஊரைப் பிரிக்கும் குழுப் பகுதிச் சட்டம் வந்தது. 1958இல் கேட்டோ மேனர் வெள்ளையருக்கு என்று அறிவித்தார்கள். அறுபதுகளில் எங்களை, இந்தியருக்கென்று ஒதுக்கிய சாட்ஸ்வொர்த்தில் கொண்டுபோய் இறக்கினார்கள். வீட்டுக்கு வீடு கொடுத்துவிட்டார்களே, என்ன குறை என்று கேட்டவர்கள் நம்மவர்களிலும் இருந்தார்கள். வேறு நிழல் உண்டு என்று அந்தத் தோழி சொல்லலாம். மரம் அவளுடையது. கையில் காகிதத்தோடு வந்து நிற்கிறவன் சொல்லக் கூடாது.

வீடுகளை இடித்தார்கள், மரங்களை விட்டுவிட்டார்கள். நிலம் வெகுகாலம் புதர் மண்டிக் கிடந்தது. பெல்லேர் சாலை அம்பலவாணர் கோயிலும் தப்பியது. 1905 வெள்ளத்தில் பழைய கோயிலை உம்பிலோ ஆற்றுக்குக் கொடுத்துவிட்டு, 1947இல் இங்கே குடிவந்தவர் அவர். இடம் பெயரும் கஷ்டம் அவருக்கும் தெரியும். ஈஸ்டர் சமயத்துத் தீமிதிக்கு நாங்கள் திரும்பி வருவோம். மாங்காய்ப் பருவம் முடிந்திருக்கும். அம்மா புதருக்குள் நுழைந்து, மரத்தை அடையாளம் வைத்து, அடுப்பு இருந்த இடம் எது, வாசல் எது என்று காட்டுவாள். பிறகு மரத்தைத் திட்டத் தொடங்குவாள். “யாருக்கென்று இப்படி வளர்ந்து நிற்கிறாய்?” அன்றுதான் எனக்கும் அதற்கும் ஒரே மாதிரி வசவு விழுந்தது.

இனி உங்கள் வகுப்பு விஷயத்துக்கு வருகிறேன். அடுத்த சனிக்கிழமை பிள்ளைகளிடம் இயற்கையைப் பற்றி ஒன்றும் கேட்காதீர்கள். வீட்டில் உன்னை யாரோடு ஒப்பிட்டுத் திட்டுகிறார்கள் என்று கேளுங்கள். அத்தை மகள், பக்கத்து வீட்டுப் பையன், நாய்க்குட்டி என்று வரிசையாக வரும். அதன் பிறகு பாட்டைப் படியுங்கள். தாய்மார் யாராவது சண்டைக்கு வந்தால் என் பெயரைச் சொல்லிவிடுங்கள், நான் பார்த்துக்கொள்கிறேன்.